பம்பின் மறுமுனையில் துவா

ஐசக் அசிமோவின் 'தி காட்ஸ் தெம்செல்வ்ஸ்' நாவலில் எல்லாமே ஒரு குப்பியிலிருந்துதான் தொடங்குகிறது. பிரடெரிக் ஹாலம் என்ற கதிர்வேதியியலாளனின் மேசையில், டங்ஸ்டன் என்று சீட்டு ஒட்டிய பழைய குப்பி ஒன்று கிடக்கிறது. ஒருநாள் பார்த்தால் உள்ளே இருக்கும் உலோகம் வேறு மாதிரித் தெரிகிறது. சக ஆய்வாளன் டெனிசன் குத்தலாக ஏதோ சொல்கிறான். அந்த ரோஷத்தில் ஹாலம் அதைச் சோதித்துப் பார்க்கக் கொடுக்கிறான். இது டங்ஸ்டன் இல்லை, புளுட்டோனியம்-186 என்று முடிவு வருகிறது. அப்படி ஒரு பொருள் நம் பிரபஞ்சத்தில் இருக்க வழியே இல்லை.

ஏன் இல்லை என்பது அழகான விஷயம். அணுக்கருவுக்குள் புரோட்டான்கள் ஒன்றையொன்று விலக்கித் தள்ளுகின்றன. வலுவான அணுக்கரு விசை அவற்றைச் சேர்த்துப் பிடிக்கிறது. அணுக்கரு பெரிதாகப் பெரிதாக விலக்கம் கூடிக்கொண்டே போவதால், பிடிப்புக்குத் துணையாக நியூட்ரான்கள் மேலும் மேலும் வேண்டியிருக்கும். நாகசாகியில் விழுந்த குண்டில் இருந்தது புளுட்டோனியம்-239. அதில் 94 புரோட்டான்களுக்கு 145 நியூட்ரான்கள். எண் 186 என்றால் நியூட்ரான்கள் 92 மட்டுமே. அதாவது புரோட்டான்களைவிடக் குறைவு. அத்தகைய அணுக்கரு உருவான கணமே சிதறிவிடும். ஆய்வகங்களில் இதுவரை உண்டாக்கப்பட்ட மிக லேசான புளுட்டோனியங்கள்கூட 220-க்கு மேற்பட்ட எண் கொண்டவைதான்.

இந்த எண் அசிமோவுக்கு ஒரு மேடைப் பேச்சிலிருந்து கிடைத்தது. 1971 ஜனவரியில் நியூயார்க்கில் நடந்த அறிவியல் புனைகதைக் கூட்டமொன்றில், எழுத்தாளர் ராபர்ட் சில்வர்பெர்க் ஏதோ ஒரு ஐசோடோப்பை உதாரணம் காட்ட வேண்டி, வாய்க்கு வந்தபடி புளுட்டோனியம்-186 என்றார். கேட்டுக்கொண்டிருந்த அசிமோவ் வேதியியல் படித்தவர். அப்படி ஒன்று கிடையாது என்று அவருக்குத் தெரியும். கிடையாததை வைத்தே ஒரு கதை எழுதித் தருகிறேன் என்று சொல்லி எழுத உட்கார்ந்தார். சிறுகதையாக நினைத்தது நாவலாக வளர்ந்து 1972-இல் வெளிவந்தது. ஹியூகோ, நெபுலா என்ற இரு விருதுகளையும் பெற்றது. தன் அறிவியல் புனைகதை நாவல்களில் தனக்கு மிகப் பிடித்தது இதுதான் என்று பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார்.

நாவலில் வரும் விடை இது. இணையாக இன்னொரு பிரபஞ்சம் இருக்கிறது. அங்கே வலுவான விசை நம்முடையதைவிட நூறு மடங்கு. ஆகையால் 94 புரோட்டான்களைக் கட்டிவைக்க அங்கே 92 நியூட்ரான்களே போதும். அந்தப் பக்கத்தில் இருக்கும் யாரோ நம் டங்ஸ்டன்-186-ஐ எடுத்துக்கொண்டு அவர்களுடைய புளுட்டோனியம்-186-ஐ வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள். டங்ஸ்டனில் 74 புரோட்டான்கள், 112 நியூட்ரான்கள். கூட்டினால் அதே 186. இங்கே வந்து சேர்ந்த புளுட்டோனியம் நம் விதிகளுக்குப் பழகப் பழக, 20 பாசிட்ரான்களை உமிழ்ந்து டங்ஸ்டனாகிறது. அங்கே போன டங்ஸ்டன் 20 எலக்ட்ரான்களை உமிழ்ந்து புளுட்டோனியமாகிறது. இரண்டு பக்கமும் ஆற்றல் வெளிப்படுகிறது. இந்தப் பண்டமாற்றை ஓயாமல் நடத்தும் கருவிக்கு எலக்ட்ரான் பம்ப் என்று பெயர் வைக்கிறார்கள். புகை கிடையாது, கழிவு கிடையாது, எரிபொருள் செலவும் கிடையாது. ஹாலம் உலகம் கொண்டாடும் மனிதனாகிறான்.

ஒரே ஒரு பொய்யான எண்ணிலிருந்து தொடங்கி, அந்தப் பொய்க்கு இவ்வளவு உண்மையாக நடந்துகொண்ட கதையை நான் வேறு கண்டதில்லை. உலகம் விட்டு உலகம் பொருளைக் கடத்தும் கருவிகள் புனைகதையில் ஏராளம். பெரும்பாலானவற்றில் கருவி ஒரு கதவு மட்டுமே. நாயகன் அந்தப் பக்கம் போவான், வருவான். போகும் பொருளின் எடை என்ன, வரும் பொருளின் எடை என்ன, இடையில் சிந்துவது என்ன என்று யாரும் கேட்பதில்லை. அசிமோவ் கேட்டார். கேட்டதனால்தான் அவருடைய கதை அதைவிடப் பெரிய ஒரு கேள்வியில் போய் நின்றது: பம்பின் மறுமுனையில் இருப்பவர் யார்?

இந்தக் கேள்வியை அவருக்கு 24 ஆண்டுகள் முன்பே தொட்டவர் எச். பீம் பைப்பர். பென்சில்வேனியா ரயில்வேயின் ஆல்டூனா பணிமனையில் வேலை பார்த்துக்கொண்டே கதை எழுதியவர். 1948-இல் அஸ்டவுண்டிங் இதழில் வந்த அவருடைய ஒரு கதை, உண்மையில் நடந்த ஒரு காணாமற்போதலை எடுத்துக்கொள்கிறது. 1809 நவம்பரில் பெஞ்சமின் பாதர்ஸ்ட் என்ற பிரிட்டிஷ் தூதர் பிரஷ்யாவின் பெர்லபெர்க் ஊரில், பயணத்துக்குக் குதிரைகள் பூட்டப்படும் வேளையில் மறைந்துபோனார். பைப்பரின் கதையில் அவர் வேறொரு காலத்தடத்தில் போய் விழுகிறார். அங்கே அமெரிக்கப் புரட்சியும் பிரெஞ்சுப் புரட்சியும் தோற்றுவிட்டன. அவர் நீட்டும் ஆவணங்கள் அங்கே யாருக்கும் பொருள்படுவதில்லை. அவரைப் பைத்தியம் என்று முடிவு கட்டுகிறார்கள்.

அதே ஆண்டில் பைப்பர் எழுதத் தொடங்கிய 'பாராடைம்' வரிசைக் கதைகளில், இந்தத் தடமாற்றம் ஒரு தொழில். அதை நடத்தும் நாகரிகம் தன் பூமியின் வளங்களை முற்றாகத் தின்று தீர்த்துவிட்டது. மற்றக் காலத்தடங்களிலிருந்து சிறிது சிறிதாக எடுத்துவந்துதான் அது உயிர்வாழ்கிறது. காந்தப்புலம் போன்ற ஒரு புலத்தால் சூழப்பட்ட கூண்டுக்குள் ஆளும் சரக்கும் ஏறினால் வேறு தடத்தில் இறங்கலாம். எடுக்கப்படுவது அந்தந்தத் தடத்து மக்களுக்குத் தெரியக்கூடாது. அந்த ரகசியத்தைக் காப்பதற்கென்றே ஒரு காவல்துறை இருக்கிறது. கதைகளின் நாயகன் வெர்க்கான் வால் அதன் அதிகாரி. சாகசக் கதைகள்தான், விறுவிறுப்பானவைதான். ஆனாலும் தன் நாயகனின் நாகரிகம் ஒட்டுண்ணி வாழ்க்கை வாழ்கிறது என்று பைப்பர் மறைக்காமல் எழுதினார். அந்த நேர்மைக்காகவே அவரை மதிக்கிறேன். மறுபக்கத்தில் மனிதர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்குத் தெரியாது. தெரியாமல் பார்த்துக்கொள்வதுதான் அந்த நாகரிகத்தின் முதல் சட்டம்.

பைப்பரின் கருவி கடத்துவது பொருளை மட்டும். அசிமோவின் பம்ப் பொருளோடு சேர்த்து விதியையும் கடத்துகிறது. நாவலின் அறிவியல் உச்சம் இதுதான். ஒரு பிரபஞ்சத்தின் பொருள் இன்னொன்றுக்குள் நுழையும்போது, அது பிறந்த இடத்தின் இயற்பியலும் கூடவே கசிந்து வருகிறது. அடுத்தடுத்த தோட்டங்களில் உள்ள இரண்டு கிணறுகளுக்கு அடியில் ஊற்று ஒன்றாகவே இருப்பதுபோல, பம்ப் ஓட ஓட இரு பக்கத்து மட்டமும் சமமாகப் பார்க்கிறது. நம் பக்கத்தில் வலுவான விசை துளித்துளியாகக் கூடுகிறது, அவர்கள் பக்கத்தில் குறைகிறது. பீட்டர் லமாண்ட் என்ற இளம் இயற்பியலாளன் இதைக் கணக்கிட்டுப் பார்த்துத் திடுக்கிடுகிறான். விசை கூடினால் சூரியனுக்குள் அணுக்கருப் பிணைவு எளிதாகிவிடும். ஒரு கட்டத்தில் சூரியன் வெடிக்கும்.

சூரியன் இவ்வளவு பொறுமையாக எரிவதே ஒரு தடங்கலின் தயவால்தான். இரண்டு புரோட்டான்கள் மோதி அப்படியே ஒட்டிக்கொள்ள முடியாது. மோதும் அந்த நொடித்துளியில் ஒன்று நியூட்ரானாக மாறினால்தான் ஒட்டும். அந்த மாற்றத்தை நடத்தும் மெல்விசை மிக மிகச் சோம்பலானது. சூரிய மையத்தில் ஒரு புரோட்டான் தன் இணைக்காகச் சராசரியாகப் பல நூறு கோடி ஆண்டுகள் காத்திருக்கிறது. நொடிக்கு ஏறத்தாழ 60 கோடி டன் ஹைட்ரஜன் பிணைந்தும் சூரியன் 460 கோடி ஆண்டுகளாக நிலைத்திருப்பது இதனால்தான். அசிமோவ் இந்த நாவலை எழுதிக்கொண்டிருந்த அதே 1971-இல், சயன்டிஃபிக் அமெரிக்கன் செப்டம்பர் இதழில் ஃப்ரீமன் டைசன் இந்தத் தடங்கலைப் பற்றி எழுதினார். வலுவான விசை இன்னும் கொஞ்சம் கூடுதலாக இருந்திருந்தால் இரண்டு புரோட்டான்கள் நேரடியாகவே ஒட்டியிருக்கும், ஹைட்ரஜன் இவ்வளவு காலம் தங்கியிராது என்பது அவர் வாதம். பிறகு வந்த கணக்குகள் இந்த அச்சத்தைத் தணித்துவிட்டன. அத்தகைய பிரபஞ்சத்திலும் நட்சத்திரங்கள் மையத்தில் சூடு குறைந்து, தம்மைச் சரிப்படுத்திக்கொண்டு நெடுங்காலம் எரியும் என்று லூக் பார்ன்ஸ் 2015-இல் காட்டினார். ஆனால் அது தொடக்கத்திலிருந்தே அப்படி அமைந்த நட்சத்திரத்துக்குப் பொருந்தும் கணக்கு. ஏற்கெனவே எரிந்துகொண்டிருக்கும் ஒரு சூரியனுக்கு அடியில் விதி நழுவினால் என்ன ஆகும் என்பதே லமாண்டின் பயம். அந்தப் பயம் எனக்கு இன்றும் நியாயமாகவே படுகிறது.

லமாண்டின் பேச்சை யாரும் கேட்கவில்லை. ஹாலம் அவனை ஒழிக்கப் பார்க்கிறான், ஒரு செனட்டரும் கைவிரிக்கிறார். மொழியியலாளன் பிரனோவ்ஸ்கி மட்டும் அவனுக்குத் துணை நின்று, உலோகத் தகடுகளில் குறிகள் பொறித்து மறுபக்கத்துக்கு அனுப்பிப் பார்க்கிறான். கடைசியில் பதில் வருகிறது. பம்ப் ஆபத்தானது, ஆனால் தங்களால் அதை நிறுத்த முடியாது, நீங்கள் நிறுத்துங்கள் என்கிற பொருளில், தட்டுத்தடுமாறிய சொற்களில் ஓர் எச்சரிக்கை. அனுப்பியது யார் என்று அவர்களுக்குத் தெரியாது.

வாசகருக்கு இரண்டாம் பகுதியில் தெரியவருகிறது. அவள் பெயர் துவா.

இந்தப் பகுதிக்காகவே நாவலைத் திரும்பத் திரும்ப எடுக்கிறேன். மறுபிரபஞ்சத்து உயிர்கள் மூன்று மூன்றாகச் சேர்ந்து குடும்பம் ஆகின்றன. அறிவு வழி நடக்கும் ஒடீன், பிள்ளைகளைச் சுமந்து வளர்க்கும் ட்ரிட், இந்த இருவரையும் உருகிக் கலக்கச் செய்யும் உணர்வுப் பிறவி துவா. அவர்களுடைய உடல் இறுக்கமற்றது, காற்றில் பரவி மெலியக்கூடியது. வெயில்தான் அவர்களுக்கு உணவு. அந்த வெயில் தணிந்துவருகிறது. வலுவான விசை மிகுந்த அந்தப் பிரபஞ்சத்தில் நட்சத்திரங்கள் விரைவாகவே எரிந்து தீர்கின்றன. அவர்களுடைய சூரியனும் அணைந்துகொண்டிருக்கிறது. ஆகவே அவர்களை ஆளும் கடினர்கள் பம்பைக் கண்டுபிடிக்கிறார்கள். எஸ்ட்வால்ட் என்ற மேதை ஒருவன்தான் அதற்குக் காரணம் என்று துவாவும் கேள்விப்படுகிறாள்.

உணர்வுப் பிறவிகள் கூட்டமாக வெயிலில் மேய்ந்து, கூட்டமாகவே வம்பு பேசித் திரிய வேண்டியவர்கள். துவா அப்படி இல்லை. ஒடீனைப் பேசவைத்துக் கற்றுக்கொள்கிறாள். பாறைக்குள் ஊடுருவி ஒளிந்திருந்து கடினர்களின் பேச்சைக் கேட்கிறாள். பம்ப் ஓடினால் மறுபிரபஞ்சத்தின் சூரியன் வெடிக்கும் என்பதும், அது வெடித்தால் தங்களுக்கு ஆற்றல் இன்னும் ஏராளமாகக் கிடைக்கும் என்று கடினர்கள் எண்ணுவதும் அவளுக்குப் புரிந்துவிடுகின்றன. அவள் ஒருபோதும் காணப்போவதில்லை அந்தச் சூரியனை, அதன் கீழே வாழ்கிறவர்களையும். அவர்களுக்கு எத்தகைய உடல் என்றுகூட அவளுக்குத் தெரியாது. தெரியாதவர்களுக்காகத் தகடுகளைத் திருடி, தன் உடலின் ஆற்றலைச் செலவழித்துக் குறிகளைப் பொறிக்கிறாள். பட்டினியில் மெலிந்து அழியும் தறுவாய்வரை போகிறாள்.

இதற்கு நடுவே அசிமோவ் வைத்திருக்கும் ஒரு சம்பவம் எனக்கு நாவலிலேயே மிகக் கூர்மையானதாகத் தோன்றுகிறது. குடும்பத்துக்கு மூன்றாவது பிள்ளை இன்னும் பிறக்கவில்லை. துவா சரியாகச் சாப்பிடாததால்தான் பிறக்கவில்லை என்று ட்ரிட் நினைக்கிறான். பிள்ளை வேண்டும் என்ற ஒரே எண்ணத்தில், பம்பின் ஆற்றல் நிரம்பிய உருண்டை ஒன்றைக் கடினர்களிடமிருந்து திருடிவந்து, துவாவுக்குத் தெரியாமல் அவளுக்கு ஊட்டிவிடுகிறான். துவா பூரித்துப் போகிறாள். மூவரும் கலக்கிறார்கள். கரு உண்டாகிறது. தான் உண்டது எந்தச் சூரியனின் விலை என்று பிறகு தெரிந்ததும் அவள் கொள்ளும் அருவருப்பை, அசிமோவ் போன்ற நேர்கோட்டு எழுத்தாளர் எழுதியிருப்பார் என்று எதிர்பார்க்கவே முடியாது. பைப்பரின் காலத்தடங்களில் வாழ்கிற மக்களுக்கு, தங்களிடமிருந்து எடுக்கப்படுவது தெரியாது. துவாவுக்கோ, தான் யாரிடமிருந்து எடுத்து உண்கிறாள் என்பது தெரிந்துவிட்டது. எடுக்கும் பக்கத்தில் நின்றுகொண்டு, எடுக்கப்படும் பக்கத்தின் வலியை அறிந்த ஒருத்தி.

பிறகு வருவது இன்னும் கொடியது. கடினர்கள் வேறு இனம் அல்லர். துவா போன்ற மென்மையானவர்கள் மூவர் நிரந்தரமாகக் கலந்தால் பிறக்கும் முதிர்நிலைதான் கடினர். ஒடீன் இதை ஊகித்து, சாகக் கிடக்கும் துவாவிடம் சொல்லி அவளைச் சம்மதிக்கவைக்கிறான். மூவரும் கடைசி முறையாகக் கலக்கிறார்கள். கலந்து எழும் கடினர்தான், முந்தைய கலப்புகளிலும் சற்று நேரம் எழுந்து மறைந்த எஸ்ட்வால்ட். பம்பை எதிர்த்தவளின் கூர்மையான மனமே பம்பை ஆக்கியவனின் மேதைமைக்குள் போய்ச் சேர்கிறது. அவளுக்குள் இருந்த மறுப்பு எஸ்ட்வால்டுக்குள் எந்த மூலையில் கிடந்தது, கிடந்ததா இல்லையா என்று அசிமோவ் சொல்லவில்லை. சொல்லாமல் விட்டதுதான் சரி.

இத்தகைய கருவி எதுவும் உண்மையில் சாத்தியமா என்று கேட்பவர்களுக்கு இயற்பியல் தரும் பதில் கண்டிப்பானது. ஒவ்வொரு நிகழ்விலும் உலகம் கிளைக்கிறது என்று எடுத்துக்கொள்ள இடம்தரும் கொள்கையை ஹியூ எவரெட் 1957-இல் பிரின்ஸ்டனில் முன்வைத்தார். பைப்பரின் கதைகளுக்கு ஒன்பது ஆண்டுகள் கழித்து. ஆனால் எவரெட்டின் கிளைகளுக்கு நடுவே ஒரு தூசியைக்கூடக் கடத்த முடியாது. குவாண்டம் சமன்பாடு நேரியல்பு கொண்டது. அதில் ஒரு கிளையின் போக்கை இன்னொரு கிளை தொடுவதில்லை. அந்த நேரியல்பு சிறிதளவு பிசகினால் என்ன ஆகும் என்று ஸ்டீவன் வைன்பெர்க் 1989-இல் ஒரு வடிவம் கொடுத்தார். அப்படிப் பிசகினால் ஒளியை மிஞ்சும் வேகத்தில் செய்தி போகும், அல்லது கிளைகளுக்கு இடையே தொலைபேசி போன்ற ஒன்று சாத்தியமாகும் என்று 1991-இல் ஜோசப் போல்ச்சின்ஸ்கி காட்டினார். பெரிலியம் அயனிகளை வைத்து அமெரிக்காவில் செய்த அளவீடுகளில் அத்தகைய பிசகல் எதுவும் தென்படவில்லை.

இன்னொரு தேடல் டென்னசியில் உள்ள ஓக் ரிட்ஜ் தேசிய ஆய்வகத்தில் நடந்தது. தனி நியூட்ரானின் ஆயுளை இரண்டு முறைகளில் அளக்கிறார்கள். குடுவையில் அடைத்து, மிஞ்சியவற்றை எண்ணினால் ஏறத்தாழ 878 நொடி. கற்றையாக ஓடவிட்டு, சிதைவில் பிறக்கும் புரோட்டான்களை எண்ணினால் ஏறத்தாழ 888 நொடி. இந்தப் பத்து நொடி வித்தியாசம் நெடுநாளாக உறுத்திக்கொண்டிருக்கிறது. கற்றையில் ஓடும் நியூட்ரான்களில் சில, நம் கண்ணுக்கும் கருவிக்கும் அகப்படாத ஆடி உலகம் ஒன்றுக்குள் நழுவிப் போகின்றனவோ என்பது ஒரு விளக்கம். லியா புருஸார்ட் தலைமையிலான குழு நியூட்ரான் கற்றையைக் காந்தப்புலத்தின் வழியாகச் செலுத்தியது. நடுவே நியூட்ரானை விழுங்கிவிடும் போரான் கார்பைடுச் சுவரை வைத்தது. நழுவிப்போனவை சுவரைக் கடந்து, மறுபுறத்தில் மீண்டும் நியூட்ரானாக மாறினால் கருவி எண்ணும். 2022-இல் முடிவு வெளியானது. கடந்து வந்தவை என்று சொல்ல எதுவும் கிடைக்கவில்லை. இந்தச் சோதனை என்னை ஈர்ப்பதற்குக் காரணம், அது கணக்குச் சீட்டின் இரு பக்கத்தையும் பார்ப்பதுதான். இங்கே தொலைந்தது அங்கே சேர்ந்திருக்க வேண்டும், அங்கே சேர்ந்தது திரும்பி வரவும் வேண்டும்.

அசிமோவின் மூன்றாம் பகுதி நிலவில் நடக்கிறது. அரசியல் சச்சரவுகளும் நீண்ட உரையாடல்களுமாக அது கொஞ்சம் தொய்கிறது. ஹாலமால் வாழ்க்கை கெட்ட டெனிசனும், உள்ளுணர்வுத் திறன் கொண்ட செலீன் என்ற பெண்ணும் சேர்ந்து ஒரு தீர்வு காண்கிறார்கள். பிரபஞ்சங்கள் இரண்டோடு நின்றுவிடுமா என்ன? வலுவான விசை மிக மெலிந்திருக்கும் மூன்றாவது பிரபஞ்சம் ஒன்றிலிருந்தும் கசியவிட்டால், முதல் கசிவை இது ஈடுகட்டும். பம்ப் ஓடிக்கொண்டே இருக்கலாம், சூரியனும் பிழைக்கும். அந்த மூன்றாவது பிரபஞ்சம் அண்டமுட்டை நிலையில், பொருள் எல்லாம் ஒரே திரளாகக் குவிந்து கிடக்கிறது. அங்கே உயிர் இருக்க வழியில்லை.

கணக்கு நேராகிவிட்டது. எனக்கு மனம் ஒப்பவில்லை. நாவலின் பாதிவரை மறுமுனையில் யார் என்று கேட்டவர், அங்கே ஒரு முகத்தைக் காட்டி நம்மைக் கலங்கவைத்தவர், கடைசியில் யாருமே இல்லாத ஓர் இடத்தைக் கண்டுபிடித்து அங்கே சுமையை இறக்கிவிட்டார். பிலிப் புல்மன் இதே முடிச்சை வேறு விதமாக அவிழ்த்தார். அவருடைய கதையில் ஒரு கத்தி உலகங்களுக்கு இடையே சாளரங்கள் வெட்டுகிறது. ஒவ்வொரு வெட்டிலும் மனிதரின் உள்ளுயிரைத் தின்னும் பேய் ஒன்று பிறக்கிறது. சாளரங்கள் வழியே உலகங்களின் உணர்வுச் சாரமே வடிந்து போகிறது. 2000-இல் வந்த இறுதி நூலில், சாளரங்களை அடைத்தே தீரவேண்டும் என்று முடிவாகிறது. கதையின் இளம் நாயகர்களான லைராவும் வில்லும் ஆளுக்கொரு உலகத்தில் பிரிந்து வாழ வேண்டியதாகிறது. வெட்டியவர்களே விலை கொடுக்கிறார்கள்.

யாருமில்லாத இடம் என்ற சொல்லை நான் இவ்வளவு சந்தேகிப்பதற்குப் புளுட்டோனியத்தின் உண்மையான வரலாறே காரணம். 1942 டிசம்பரில் அமெரிக்க ராணுவ அதிகாரி பிராங்க்ளின் மத்தியாஸ், வாஷிங்டன் மாநிலத்தில் கொலம்பியா ஆற்றங்கரையைப் பார்த்துவந்து, புளுட்டோனியம் ஆக்க அதுவே தக்க இடம் என்றார். நீர் இருந்தது, மின்சாரம் இருந்தது, ஆள் நடமாட்டம் மிகக் குறைவு. மிகக் குறைவு என்றால், ஹான்ஃபோர்டு, ஒயிட் பிளஃப்ஸ் ஆகிய ஊர்களிலும் அக்கம்பக்கத்திலும் ஏறத்தாழ 1,500 பேர். காலம் காலமாக அந்த ஆற்றில் மீன் பிடித்துவந்த வனாபம் மக்கள் வேறு. 1943-இல் எல்லோரும் வெளியேற்றப்பட்டார்கள். நாகசாகிக் குண்டின் புளுட்டோனியம் அங்கேதான் பிறந்தது. 1949 டிசம்பர் தொடக்கத்தில் ஓர் இரவில், போதிய காலம் ஆறவிடாத எரிபொருளைக் கரைத்து, கதிரியக்க அயோடினை வேண்டுமென்றே காற்றில் விட்டார்கள். ஒரு ராணுவச் சோதனை. அயோடின் புல்லில் படிந்தது. புல்லை மாடு தின்றது, மாட்டின் பாலைப் பிள்ளைகள் குடித்தார்கள். பாலில் சேர்ந்த அயோடின் போய்த் தங்குமிடம் தைராய்டு சுரப்பி. காற்று வீசிய திசையில் இருந்தவர்களுக்கு ஒரு சொல்லும் சொல்லப்படவில்லை. 1986-இல் அரசு ஏறத்தாழ 19,000 பக்க ஆவணங்களை வெளியிட்ட பிறகே அது வெளியே தெரிந்தது. பைப்பரின் ரகசியக் காவல்துறைக்கு இணைத் தடம் எதுவும் தேவைப்பட்டிருக்காது.

அசிமோவின் மூன்றாவது பிரபஞ்சம் உண்மையிலேயே காலியானது, அவர் அப்படித்தான் படைத்தார் என்று சொல்லலாம். படைத்தவர் சொன்னால் ஏற்க வேண்டியதுதான். இருந்தாலும் கதைக்குள் அதைக் காலி என்று சொல்பவர்கள் பம்பைக் கையில் வைத்திருப்பவர்களே. போய்ப் பார்த்தவர் யாரும் இல்லை. துவாவைப் போல அங்கிருந்து தகடு அனுப்பியவரும் ஒருவரும் இல்லை. லமாண்டுக்குத் தகடு வந்து சேரும்வரை, நம் பக்கத்தில் மறுபிரபஞ்சத்தவர்களை எல்லோரும் எண்ணியதும் ஏறத்தாழ இப்படித்தான். நம்மைவிட அறிவாளிகள், நன்மையே செய்பவர்கள், அவர்களுக்கு ஆபத்து என்றால் அவர்களே பம்பை நிறுத்தியிருப்பார்கள் என்று அவர்களுக்குப் பதிலாக இவர்களே யோசித்து முடித்துவிட்டார்கள்.

பம்பை நிறுத்துவதும் எளிய நியாயம் அல்ல என்பதை நாவலே காட்டிவிடுகிறது. அதை அசிமோவ் உணர்ந்து எழுதினாரா என்று எனக்குத் திட்டமாகச் சொல்லத் தோன்றவில்லை. லைராவுக்கும் வில்லுக்கும் திரும்பிப் போக உலகங்கள் இருந்தன, உணவும் இருந்தது. துவாவின் சூரியன் அணைகிறது. திருடிய ஆற்றலால் கருவான மூன்றாவது பிள்ளை பிறந்துவிட்டாள். அவளும் தாயைப் போல உணர்வுப் பிறவி. மூன்றாம் பகுதியில் கதை அந்தப் பிரபஞ்சத்துக்குத் திரும்பிப் போவதில்லை என்பதால், அவள் வளர்ந்தாளா என்று நமக்குத் தெரிவதில்லை. லமாண்ட் கேட்டபடி பம்ப் நின்றிருந்தால், நம் சூரியன் பிழைத்திருக்கும், அவளுக்கு உணவு இருந்திருக்காது. துவா அனுப்பிய எச்சரிக்கை தன் மகளுக்கும் எதிரானதுதான். அது தெரிந்தேதான் அவள் அனுப்பினாள். நான் குறைசொன்ன டெனிசனின் தீர்வு மட்டுமே, அவன் கேள்விப்பட்டேயிராத அந்தச் சிறுமிக்கும் பம்பைத் திறந்து வைத்திருக்கிறது.